தட்டில் இல்லாத பெயர்

பாடியவன் பெயர் மறைந்தாலும் பாட்டை மறைய விடாதது பழந்தமிழ் நாடு. பாட்டைக் காத்ததோடு நின்றதா? பாடியவனுக்கு ஒரு பெயரையும் தேடிக் கொடுத்தது. குறுந்தொகையைத் தொகுத்த சான்றோர்க்குச் சில பாடல்களை இயற்றியவர் யாரெனத் தெரியவில்லை. தெரியாத இடத்தை வெற்றிடமாக விட்டுச் செல்ல அவர்கள் மனம் ஒப்பவில்லை. பாட்டுக்குள்ளேயே தேடினர், அதன் ஒளிமிக்க சொற்றொடர் ஒன்றை எடுத்தனர், அதையே புலவர்க்குப் பெயராகச் சூட்டினர். செம்மண் நிலத்தில் பெய்த மழைநீரைப் பாடியவர் செம்புலப்பெயனீரார் ஆனார். அணில் விளையாடும் முற்றத்தைப் பாடியவர் அணிலாடுமுன்றிலார் ஆனார். ஒற்றை ஏர் வைத்திருக்கும் உழவனின் பரபரப்பைப் பாடியவர் ஓரேருழவர் ஆனார்.

பெயர் தெரியாத போதும் பெயர் கொடுத்தது அந்தக் காலம். பெயர் தெரிந்த போதும் மறந்துவிடுகிறது இந்தக் காலம். இந்த இரண்டுக்கும் இடையில் உள்ள தொலைவே இக்கட்டுரையின் பொருள்.

எடுத்துக்கொள்ளும் சான்று பழைய ஏடு அன்று. 2021-ஆம் ஆண்டு மார்ச் 7-ஆம் நாள் வெளிவந்த 'எஞ்சாய் எஞ்சாமி' என்னும் ஒற்றைப் பாட்டு. அது திரைப்படத்துக்காகப் பிறந்ததன்று. கதாநாயகனுக்காக எழுதப்பட்டதன்று. தனித்து நின்று, தானே ஒரு படைப்பாக வெளிவந்து, நாற்பது கோடி முறைக்கு மேல் பார்க்கப்பட்ட பாட்டு. திரையின் துணையின்றித் தமிழ்ப் பாட்டு இத்தனை தொலைவு நடக்குமா என்று ஐயுற்றோர்க்கு விடையாக வந்த பாட்டு. அதன் பிறப்பையும் வெளியீட்டையும் பின்னர் எழுந்த பூசலையும் அறிய வேண்டுமானால், ஒற்றைப் பாட்டு என்னும் பொருளின் வரலாற்றைச் சற்றே பின்னோக்கிப் பார்க்க வேண்டும்.

1902-ஆம் ஆண்டு நவம்பர் மாதம். இங்கிலாந்தின் கிராமபோன் கம்பெனி அனுப்பிய பிரெட் கைஸ்பர்க் என்னும் ஒலிப்பதிவாளர் கல்கத்தாவில் பாட்டுகளைப் பதிந்தார். அவருடைய கருவியின் முன் நின்று பாடியவர்களில் புகழ்மிக்கவர் கௌஹர் ஜான். பாட்டு முடியும் தறுவாயில் அவர் ஆங்கிலத்தில் தம் பெயரை உரக்கச் சொன்னார். ஏன் சொன்னார்? அந்நாளில் பதிவு இங்கே. தட்டு அச்சாவதோ கடல் கடந்து செருமனியின் ஹானோவர் நகரில். அங்கிருந்த தொழிலாளர்க்கு இந்திய மொழியும் தெரியாது, பாடகியரின் குரலும் தெரியாது. எந்தத் தட்டில் எந்தப் பெயரை ஒட்டுவது? குழப்பம் நேராதிருக்கப் பாடியவரே தம் பெயரைப் பாட்டோடு சேர்த்துப் பதித்தார்.

தொழில் வசதிக்காக எழுந்த ஏற்பாடுதான் அது. ஆனால் அதன் உட்பொருளை எண்ணிப் பாருங்கள்! ஆடலும் பாடலும் தொழிலாகக் கொண்ட குலத்துப் பெண்களை அன்றைய மேன்மக்கள் எப்படி நடத்தினர் என்பதை நாம் அறிவோம். இரவில் பாட்டைச் சுவைப்பர். பகலில் பாடியவளைக் கண்டால் முகம் திருப்புவர். அப்படிப்பட்ட ஒருத்தி, தன் குரலின் இறுதியில் தன் பெயரைத் தானே பொறித்துவிட்டாள். தட்டு சுழலுமிடமெல்லாம் அப்பெயர் ஒலித்தது. அதை அழிக்க வேண்டுமானால் பாட்டையே உடைக்க வேண்டும். தென்னாட்டிலும் சேலம் கோதாவரி, காஞ்சிபுரம் தனகோடி அம்மாள் போன்ற பெண்டிரின் குரல்கள் தட்டிலேறி, ஊர்ப் பெயரோடும் தம் பெயரோடும் வீடுகளுக்குள் நுழைந்தன. அவர்களை வாசலில் நிறுத்தியிருக்கக்கூடிய வீடுகளே அவை!

ஆனால் தட்டு எல்லாருக்கும் இடம் கொடுத்ததா? நாற்று நடுகிறவள் பாட்டுக்கும், ஏற்றம் இறைக்கிறவன் பாட்டுக்கும், இழவு வீட்டில் எழும் ஒப்பாரிக்கும் தட்டில் கிடைத்த இடம் மிகச் சிறிது. அவை வயலில் பிறந்தன, வயலில் ஒலித்தன, பாடிய வாயோடு மாய்ந்தன. எஞ்சியவற்றை ஏட்டில் சேர்க்க முன்வந்தவர் சிலர். நம் நெல்லைச் சீமையின் நா. வானமாமலை அவர்களின் 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' 1964-ல் வெளிவந்தது. அந்த உழைப்புக்குத் தமிழகம் என்றும் கடன்பட்டது. எனினும் அத்தகைய தொகுப்புகளில் நாம் காண்பது பெரும்பாலும் சேகரித்தவர் பெயரும் சேகரித்த ஊரும். பாடியவள் யார்? அவள் 'நாட்டுப்புறம்' ஆகிவிட்டாள். தனியொருத்தியாக இருந்தவள், ஒரு கூட்டத்தின் பொதுப்பெயருக்குள் கரைந்துவிட்டாள்.

நாட்டுப்புற மெட்டுக்குள் ஒரு பெயர் நிலைத்து நின்ற சான்றும் இப்பக்கத்திலேயே உண்டு. இராயகிரியில் வாழும் நமக்குச் சங்கரன்கோவிலை அடுத்த சென்னிகுளம் தொலைவானதன்று. அவ்வூர் அண்ணாமலை ரெட்டியார் காவடிச்சிந்து பாடினார். காவடி தூக்கி நடக்கும் எளிய மக்களின் நடைக்கேற்ற மெட்டு அது. கழுகுமலைக்குச் செல்லும் வழியெல்லாம் ஒலித்த மெட்டு. 1891-ல் இளமையிலேயே அவர் மறைந்தார். மெட்டு மக்களுடையது, ஆயினும் சொல்லைக் கோத்தவர் பெயர் இன்றும் அழியவில்லை. ஏன்? ஊற்றுமலைக் குறுநில அரண்மனை அவரை ஆதரித்தது. ஏடு அவரைக் காத்தது. அரண்மனையின் நிழல் பட்ட பாட்டுக்குப் பெயர் உண்டு. வயலின் வெயிலில் பிறந்த பாட்டுக்குப் பெயர் இல்லை. இது பாட்டின் குற்றமா? இல்லை, நிழலுக்கும் வெயிலுக்கும் இருந்த ஏற்றத்தாழ்வின் விளைவு.

இனி மேல்நாட்டைப் பார்ப்போம். 1949-ல் அமெரிக்காவில் 'ஆர்.சி.ஏ. விக்டர்' நிறுவனம் நிமிடத்துக்கு நாற்பத்தைந்து முறை சுழலும் சிறு தட்டை வெளியிட்டது. பக்கத்துக்கு ஒரு பாட்டு, கையடக்கமான அளவு, எளிய விலை. இளைஞர் உலகம் அதைப் பற்றிக்கொண்டது. ஆனால் எதைப் பதிவது, எதை விற்பது என்று முடிவு செய்யும் உரிமை பெருநிறுவனங்களின் கையில் இருந்தது. அந்தக் கட்டை உடைத்துச் சிறு முதலீட்டில் தாமே பதிந்து, தாமே வெளியிட்டவர்களின் இசையே பிற்காலத்தில் 'மாற்று ராக்' எனப் பெயர் பெற்றது. மாற்று என்பது முதலில் மெட்டின் மாற்றமன்று, உடைமையின் மாற்றம்.

1981-ல் ஜார்ஜியா மாநிலத்து ஏதன்ஸ் என்னும் கல்லூரி நகரின் இளைஞர் நால்வர், 'ஆர்.ஈ.எம்.' என்னும் குழுவினர், 'ரேடியோ ஃப்ரீ யூரோப்' என்ற பாட்டைப் பதிந்தனர். பதிந்த இடம் மாளிகையன்று. வட கரோலினாவில் ஒரு வீட்டின் கார்க் கொட்டகையில் நண்பர் ஒருவர் அமைத்திருந்த ஒலிப்பதிவுக் கூடம். முதலில் அச்சான தட்டுகள் ஆயிரம்தான். அந்த ஆயிரத்திலிருந்தே உலகப் புகழ் தொடங்கியது. அவர்களிடம் நாம் கற்க வேண்டியது இன்னொன்று உண்டு. தங்கள் பாட்டுகளுக்கெல்லாம் நால்வர் பெயரையும் சமமாகவே இட்டனர். சொல்லைத் தந்தவர் ஒருவராயிருக்கலாம். மெட்டைத் தந்தவர் மற்றொருவராயிருக்கலாம். பெயர் மட்டும் நால்வருக்கும் உண்டு, வருவாயும் அவ்வாறே. நால்வரும் சேர்ந்திருந்த காலம் முழுதும் அந்த ஒழுங்கு நீடித்தது.

தமிழகத்துக்கு இந்த மாற்று எப்போது வந்தது? கித்தாரும் முரசும் கொண்ட குழுக்கள் நகரங்களில் நெடுநாளாக உண்டு. ஆனால் ஆங்கிலப் பாட்டை அச்சுப் பிசகாமல் திருப்பிப் பாடுவதே அவற்றுட் பலவற்றின் பெருமையாக இருந்தது. வேரும் கிளையும் ஒன்றாகச் சேர்ந்தது 2018 சனவரி 6-ஆம் நாள், சென்னைக் கீழ்ப்பாக்கத்தில். திரைப்பட இயக்குநர் பா. இரஞ்சித் அவர்களின் நீலம் பண்பாட்டு மையமும், இசையமைப்பாளர் தென்மா அவர்களும் சேர்ந்து உருவாக்கிய 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' என்னும் குழு அன்று மேடையேறியது. பத்தொன்பது பேர் கொண்ட குழு. கானாவும் ராக்கும் ராப்பும் கலந்த இசை. மின் கித்தாருக்குப் பக்கத்தில் பறை. மேல்நாட்டு முரசுக்குப் பக்கத்தில் சட்டி. சாவு வீட்டு வாசலோடு நிற்க வேண்டும் என்று விதிக்கப்பட்ட கானா, நடுமேடையில் நிமிர்ந்து நின்றது. அந்தக் கானாவை, ஆண்கள் மட்டுமே பாடுவர் என்ற வழக்கத்தை மீறி, இசைவாணி என்னும் பெண் பாடினார்.

அக்குழுவின் பெயருக்கும் ஒரு முன்னோர் உண்டு. 1907-ல் 'ஒரு பைசாத் தமிழன்' என்னும் கிழமை இதழைத் தொடங்கிய அயோத்திதாசப் பண்டிதர், சாதியற்ற தமிழர் என்னும் கருத்தை நாட்டினார். ஒரு பைசா விலையில் அவர் விற்ற சிந்தனை, நூறாண்டுக்குப் பின் ஓர் இசைக்குழுவின் பெயர்ப்பலகை ஆனது. எழுத்து சாவதில்லை என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

அக்குழுவில் பாடிய இளைஞருள் ஒருவர் அரக்கோணத்து அறிவு. பொறியியல் படித்தவர், சொல்லைச் சாட்டையாகச் சுழற்றத் தெரிந்தவர். 2019-ல் 'தெருக்குறல்' என்னும் தொகுப்பை வெளியிட்டவர். 'எஞ்சாய் எஞ்சாமி'யின் சொற்களை எழுதியவர் இவரே. தீ என்னும் பாடகியும் அறிவும் சேர்ந்து பாட, சந்தோஷ் நாராயணன் இசை அமைத்துத் தயாரிக்க, அமித் கிருஷ்ணன் காட்சியாக இயக்க, ஏ. ஆர். ரகுமான் துணைநின்ற 'மாஜா' என்னும் புதிய இசை நிறுவனம் யூடியூபில் வெளியிட்டது.

அந்தப் பாட்டின் கரு யாது? அறிவு அவர்களின் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்க்கை. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்து, பின்னர் தமிழகம் திரும்பி, இங்கும் நிலமற்ற கூலியாய் வாழ்ந்த ஒருத்தியின் வாழ்க்கை. பேரனை அன்போடு அழைக்கும் 'என் சாமி' என்ற விளியே பாட்டின் தலைப்பில் நிற்கிறது.

ஒரு பாட்டியின் கதையா இது? அன்று! ஒரு நூற்றாண்டின் கதை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் காப்பித் தோட்டத்துக்கும், காப்பிச் செடியை நோய் அழித்த பின் தேயிலைத் தோட்டத்துக்கும், தமிழ்நாட்டு மாவட்டங்களிலிருந்து கூட்டங் கூட்டமாக மக்கள் சென்றனர். நெல்லையிலிருந்தும் மதுரையிலிருந்தும் இராமநாதபுரத்திலிருந்தும் திருச்சியிலிருந்தும் சேலத்திலிருந்தும் சென்றனர். பஞ்சம் துரத்தியது, கங்காணி அழைத்தான், கடல் நடுவில் கிடந்தது. காட்டை அழித்துத் தோட்டமாக்கியவர் அவர்கள். 1948-ல் விடுதலை பெற்ற இலங்கை, அவ்வாண்டே இயற்றிய குடியுரிமைச் சட்டத்தால் ஏறத்தாழ ஏழு இலட்சம் மலையகத் தமிழரை நாடற்றவர் ஆக்கியது. 1964 அக்டோபர் 30-ல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் இலால் பகதூர் சாத்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்தனர். 5,25,000 பேரை இந்தியா ஏற்கும். 3,00,000 பேரை இலங்கை ஏற்கும். மிச்சமிருந்த 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர்ப் பேசலாம்! 1974-ல் அந்த மிச்சத்தையும் ஆளுக்கு 75,000 என்று பாதியாகப் பிரித்தனர். ஆட்டு மந்தையைப் பங்கிடுவது போல மனிதரைப் பங்கிட்டனர். ஒப்பந்தத் தாளில் எண் இருந்தது, பெயர் இல்லை. அந்த எண்களுக்குள் இருந்தவர்கள் எத்தனை ஆயிரம் வள்ளியம்மாள்கள்!

எண்ணாகிப் போனவளுக்கு ஒரு பாட்டு பெயர் கொடுத்தது. காடும் வயலும் நாயும் பூனையும் எல்லார்க்கும் சொந்தம் என்னும் பழைய உரிமையை அவள் வாயால் கேட்டது. நட்டவளுக்கு நிலமில்லை என்னும் கொடுமையை, கேட்போர் கால் ஆட்டும் தாளத்தில் வைத்துச் சொன்னது. ஒப்பாரி மரபின் சாயலும் அதில் கலந்தது. மகிழ்ச்சிப் பாட்டென்று நினைத்து ஆடியவர்கள், ஆடி முடித்த பின்னரே அது அழுகையென்று அறிந்தனர். அதுவே அப்பாட்டின் ஆற்றல்.

பிறகு நடந்தது என்ன? 2021 ஆகத்தில் 'ரோலிங் ஸ்டோன் இந்தியா' இதழின் அட்டையில் 'எஞ்சாய் எஞ்சாமி' பாடிய தீ அவர்களும், 'நீயே ஒளி' பாடிய கனடாவின் ஷான் வின்சென்ட் டி பால் அவர்களும் இடம்பெற்றனர். இரு பாட்டுக்கும் சொல் தந்த அறிவு அந்த அட்டையில் இல்லை. பா. இரஞ்சித் வெளிப்படையாகக் கேள்வி எழுப்பினார். கண்டனம் பெருகியது. அதன் பின்னரே அவ்விதழ் அறிவு அவர்களுக்கு ஒரு மின்னிதழ் அட்டையை வெளியிட்டது. 2022 சூலை 28-ல் சென்னையில் சதுரங்க ஒலிம்பியாடின் தொடக்க விழா. உலகம் பார்த்த மேடை. 'எஞ்சாய் எஞ்சாமி' அங்கே ஒலித்தது; அறிவு அங்கே இல்லை. அவர் அப்போது அமெரிக்காவில் இருந்தார் என்று எதிர்த்தரப்பு விளக்கியது. சில நாளில் அறிவு, இப்பாட்டைத் தாமே எழுதி, மெட்டமைத்து, பாடியதாகவும், மாதக்கணக்கில் உழைத்ததாகவும் அறிக்கை விட்டார். சந்தோஷ் நாராயணனும் தீயும், பாட்டு கூட்டுப் படைப்பு என்றும், அறிவின் பங்கைத் தாங்கள் ஒருபோதும் மறைக்கவில்லை என்றும் மறுமொழி கூறினர்.

இதில் தீர்ப்புக் கூற நாம் அமரவில்லை. மூவர் உழைப்பும் அதில் உண்டு. தீயின் குரலின்றி அப்பாட்டு இல்லை. சந்தோஷ் நாராயணனின் இசைக்கோப்பின்றி அது உலகைச் சுற்றியிராது. மெட்டு யாருடையது என்பதை அக்கூடத்தில் இருந்தவரே அறிவர். நாம் கேட்பது வேறு கேள்வி. பெயர் விடுபடும் போதெல்லாம், விடுபடும் பெயர் ஏன் சேரியிலிருந்து வந்தவனின் பெயராகவே இருக்கிறது? தற்செயல் ஒருமுறை நேரும். மீண்டும் மீண்டும் நேர்ந்தால் அதைத் தற்செயல் என்பதா, பழக்கம் என்பதா? இந்தப் பழக்கம் ஓர் இதழாசிரியரின் கெடுமதியால் வருவதன்று; யாரை முன்னிறுத்துவது என்று நினைக்கும் போதே நம் கண் செல்லும் திசையில் வருகிறது. ஆயிரமாண்டாகப் பழகிய கண் அது!

இராயகிரியில் என் வகுப்பு மாணவரிடம் இப்பாட்டு யாருடையது என்று ஒருமுறை கேட்டேன். எல்லாருக்கும் பாட்டுத் தெரியும். பாடகியின் பெயர் வந்தது. இசையமைப்பாளரின் பெயர் வந்தது. ரகுமானின் பெயரும் வந்தது. எழுதியவர் பெயர் கடைசியில்தான் வந்தது. பிள்ளைகளைக் குறை சொல்லி என்ன பயன்? நாம் எந்த வரிசையில் சொன்னோமோ அந்த வரிசையில் அவர்கள் கற்றனர்.

பெயர் போனால் போகட்டும், பொருள் வந்ததா என்பர் சிலர். அதுவும் வழக்காகவே முடிந்தது. 2024 மார்ச்சில், பாட்டின் மூன்றாம் ஆண்டு நிறைவையொட்டி, இப்பாட்டால் தமக்கோ மற்றக் கலைஞர்க்கோ வருவாய் ஏதும் வந்து சேரவில்லை என்று சந்தோஷ் நாராயணன் பொதுவில் அறிவித்தார். இது அவர் தரப்புக் கூற்று. ஆயினும் அதன் பொருள் பெரிது. 1981-ன் மாற்றுக் குழுவுக்கு ஆயிரம் தட்டும் எண்ணக்கூடியவை. எத்தனை விற்றன, எவ்வளவு வந்தது என்று கையில் கணக்குப் பார்க்கலாம். இன்று தட்டே இல்லை. பாட்டு காற்றில் இருக்கிறது. கணக்கு கண்ணுக்குத் தெரியாத இடத்தில் இருக்கிறது. நாற்பது கோடி முறை ஒலித்தும் பாட்டை ஆக்கியவன் கணக்கைக் கேட்டு நிற்கிறான் என்றால், மேடைக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பது புதிய கங்காணியா என்று கேட்கத் தோன்றாதா?

சட்டம் உறங்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். 1957-ஆம் ஆண்டின் இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 57-ஆம் பிரிவு, ஒருவன் தன் உரிமையை விற்றுவிட்ட பின்னும் 'இது என் படைப்பு' என்று சொல்லும் உரிமையை அவனுக்கே நிறுத்தி வைக்கிறது. பாட்டை விற்கலாம், பெற்ற உறவை விற்க முடியாது! 2012-ல் வந்த திருத்தம், பாடலாசிரியர்க்கும் இசையமைப்பாளர்க்கும் உரிமத்தொகையில் சமபங்கு உண்டென்றும், அதை எவரும் எழுதி வாங்கிவிட முடியாதென்றும் வகுத்தது. நல்ல சட்டம், வரவேற்போம். ஆனால் ஒப்பாரி பாடிய மூதாட்டி எந்தப் பிரிவில் வருகிறாள்? ஆசிரியர் பெயர் அறியப்படாத பாட்டு எல்லார்க்கும் பொது என்று உலகம் சொல்கிறது. பொது என்றால் எடுத்துக்கொள்வோர்க்குப் பொது, கொடுத்தவளுக்கு வெறுங்கை. நிலத்திலும் இதே கணக்கு. பாட்டிலும் இதே கணக்கு. உழுதவள் பெயரைப் பட்டாவில் எழுதாத சமுதாயம், பாடியவள் பெயரைத் தட்டில் எழுதவில்லை.

இருள் மட்டுமே வரலாறு அன்று. 2024-ல் அறிவு தம் அடுத்த தொகுப்பை வெளியிட்டார். அதற்கு அவர் இட்ட தலைப்பு 'வள்ளியம்மா பேராண்டி'. கௌஹர் ஜான் பாட்டின் இறுதியில் தன் பெயரைச் சொன்னார்; இந்த இளைஞரோ தம் பெயரைப் பின்னே தள்ளி, பாட்டியின் பெயரை முகப்பில் வைத்தார். தோட்டத்துப் பேரேட்டில் எண்ணாகவும், ஒப்பந்தத் தாளில் பங்காகவும் இருந்த ஒருத்தி, இசைத் தொகுப்பின் பெயராக எழுந்து நின்றாள். ஓரேருழவருக்குப் பெயர் கொடுத்த தொகுப்பாளரின் மரபு அற்றுப் போகவில்லை. அரக்கோணத்தில் உயிரோடு இருக்கிறது.

படித்தோரே, பாட்டை விரும்புவோரே! உங்களிடம் நாம் கேட்பது பெரிதொன்றுமில்லை. ஒரு பாட்டைக் கேட்டால், எழுதியவன் யார், பாடியவள் யார், முதலில் எந்த வயலில் அது ஒலித்தது என்று கேளுங்கள். விழாவில் ஒரு பாட்டை ஒலிக்கச் செய்தால், ஒலிபெருக்கியில் அதை ஆக்கியவர் பெயரையும் ஒலிக்கச் செய்யுங்கள். நம் ஊர் மூதாட்டி ஒருத்தி பாடியதை எழுதிக்கொண்டால், எழுதியவன் பெயருக்கு மேலே அவள் பெயரை எழுதுங்கள். பெயரைச் சொல்வதற்குச் செலவு இல்லை. சொல்லாமல் விட்டதற்குத்தான் நூற்றாண்டுகள் செலவாயின.

பாட்டு காற்றில் நிற்கும். பெயர், நாம் எழுதினால்தான் நிற்கும். எழுதுவோம்!